பகுதியை எப்போது நீக்கலாம்? – கணக்கு டீச்சர் பதில்கள்

சென்ற இதழில் பின்னம் வரும் சமன்பாடுகளைப் பற்றிச் சின்னதாக ஒரு பதில் எழுதியிருந்தேன். அதன்பின் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் அதையேதான் கேட்கின்றன. அதனால் இந்த முறை பக்கம் முழுவதையும் அதற்கே கொடுத்துவிட்டேன். மற்ற கடிதக்காரர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

கண்டுபிடிக்க வேண்டிய எண்ணைப் பள்ளிப் புத்தகத்தில் எக்ஸ் என்று போட்டிருப்பார்கள். இங்கே அதை 'க' என்று எழுதுகிறேன். க/3 என்றால் க-வை மூன்றால் வகுத்தது. கோட்டுக்கு மேலே இருப்பது தொகுதி, கீழே இருப்பது பகுதி. அவ்வளவு தெரிந்தால் போதும்.

கேள்வி: டீச்சர், நான் எட்டாம் வகுப்பு படிக்கிறேன். க/3 + க/4 = 14 என்ற கணக்குக்கு எங்கள் அக்கா, 'எல்லாத்தையும் 12ஆல் பெருக்கு' என்று சொல்லிக் கொடுத்தாள். விடை வந்துவிட்டது. ஆனால் ஏன் 12, நம் இஷ்டத்துக்கு எப்படிப் பெருக்கலாம் என்று கேட்டால், 'அப்படித்தான்' என்கிறாள். – ஒரு மாணவி, அந்தியூர்

கண்ணு, அக்கா சொன்ன வழி சரி. 'அப்படித்தான்' என்றதை மட்டும் நீ ஏற்றுக்கொள்ளாதது ரொம்ப நல்லது.

முதலில் பெருக்காமலேயே இந்தக் கணக்கைப் பார்ப்போம். க என்ற எண்ணை 12 சம பங்காகப் பிரித்துக்கொள். அதில் மூன்றில் ஒரு பாகம் என்பது 4 பங்கு. நான்கில் ஒரு பாகம் என்பது 3 பங்கு. இரண்டும் சேர்ந்து 7 பங்கு. அந்த 7 பங்கும் சேர்ந்து 14 என்று கணக்கு சொல்கிறது. அப்படியானால் ஒரு பங்கு 2. மொத்தம் 12 பங்கு, ஆகவே க என்பது 24.

ஏன் 12? 3ஆலும் 4ஆலும் மீதியில்லாமல் வகுபடுகிற எண்களிலேயே மிகச் சிறியது அது. மீச்சிறு பொது மடங்கு என்று புத்தகம் சொல்வதும், வகுப்பில் எல்.சி.எம். என்று சொல்வதும் இதைத்தான். 12ஐ விட்டு 24 பங்காகப் பிரித்தாலும் தப்பில்லை. 8 பங்கும் 6 பங்கும் சேர்ந்து 14 பங்கு, அது 14க்குச் சமம், ஒரு பங்கு 1, மொத்தம் 24. அதே விடைதான், எண்கள் மட்டும் பெரிதாகும். ஆனால் 10 பங்காகப் பிரித்துப் பார். மூன்றில் ஒரு பாகம் எத்தனை பங்கு? மூன்றும் மூன்றில் ஒன்றும். எந்தப் பின்னத்தை நீக்க நினைத்தோமோ அது திரும்பவும் வந்துவிட்டது.

இப்போது உன் இரண்டாவது கேள்வி. 'இஷ்டத்துக்கு எப்படிப் பெருக்கலாம்?' பெருக்கலாம் என்று அனுமதி கொடுப்பது நடுவில் இருக்கிற சமக்குறி. க/3 + க/4 என்பது ஒரு எண். 14 என்பதும் ஒரு எண். இரண்டும் ஒரே எண் என்கிறது அந்தக் குறி. ஒரே எண்ணை இரண்டு இடத்தில் எழுதி, இரண்டையும் 12ஆல் பெருக்கினால், பெருக்கி வந்ததும் ஒரே எண்ணாகத்தானே இருக்கும்?

இடது பக்கம்: க/3-ஐ 12ஆல் பெருக்கினால் 4க. க/4-ஐ 12ஆல் பெருக்கினால் 3க.
வலது பக்கம்: 14 × 12 = 168.
ஆக 4க + 3க = 168, அதாவது 7க = 168, க = 24.

பங்கு போட்டுப் பார்த்த அதே 4ம் 3ம் இங்கேயும் வந்திருக்கிறது, பார்த்தாயா? கடைசியாக ஒரு வரி எழுத வேண்டும்: 24/3 = 8, 24/4 = 6, 8 + 6 = 14. இந்த வரியை எழுதிய பிறகு விடை சரியா என்று யாரிடமும் நீ கேட்கத் தேவையில்லை, அக்காவிடம்கூட.

கேள்வி: டீச்சர், நாங்கள் விசைத்தறி ஓட்டுகிறோம். நான் எட்டாவதோடு நின்றுவிட்டேன். மகள் ஒன்பதாவது. 'சுருக்குக: க/2 + க/3' என்ற கேள்விக்கு 6ஆல் பெருக்கி 5க என்று எழுதியிருக்கிறாள், சுழி மார்க். அதே தாளில் அடுத்த கணக்கில் அதே மாதிரி பெருக்கியதற்கு முழு மார்க். ஒரு இடத்தில் சரி, ஒரு இடத்தில் தப்பு என்றால் பிள்ளை எதை நம்பும்? – ஒரு தாய், பல்லடம்

அம்மா, உங்கள் மகள் மாதிரி மாட்டிக்கொண்ட பிள்ளைகளை வருஷம் தவறாமல் பார்த்திருக்கிறேன். நன்றாகப் படிக்கிற பிள்ளைகளே இதில்தான் விழும். அதனால் கொஞ்சம் நிதானமாகவே சொல்கிறேன்.

உங்கள் தறியிலிருந்தே எடுத்துக்கொள்வோம். ஒரு பாவில், அதாவது தறியில் நீளவாக்கில் ஓடும் நூலில், பாதி முந்தின வாரம் ஓடிவிட்டது. மூன்றில் ஒரு பங்கு இந்த வாரம் ஓடியிருக்கிறது. எவ்வளவு ஓடியது என்று உங்களை ஒருவர் கேட்கிறார். பாவு மொத்தம் எத்தனை மீட்டர் என்று தெரியாமல் நீங்கள் என்ன சொல்ல முடியும்? 'ஆறில் ஐந்து பங்கு ஓடிவிட்டதுங்க' என்று சொல்லலாம். அதற்கு மேல் ஒன்றும் சொல்ல முடியாது. 'ஐந்து பாவு ஓடிவிட்டது' என்று சொல்வீர்களா? மகள் எழுதிய 5க-வுக்கு அதுதான் அர்த்தம். ஒரு பாவுகூட முழுசாக ஓடவில்லை, ஐந்து பாவு எங்கிருந்து வரும்?

இப்போது கேள்வியை மாற்றுங்கள். பாதியும் மூன்றில் ஒரு பங்கும் ஓடிவிட்டது, ஓடிய துணிக்கான பாவு 1000 மீட்டர். மொத்தப் பாவு எவ்வளவு? இங்கே க/2 + க/3 = 1000. சமக்குறி வந்துவிட்டது. இரண்டு பக்கத்தையும் 6ஆல் பெருக்கலாம். 3க + 2க = 6000, 5க = 6000, க = 1200 மீட்டர். இடது பக்கத்தை 6 மடங்கு ஆக்கியபோது வலது பக்கமும் 6 மடங்கு ஆகிவிட்டது, அதனால் உண்மை கெடவில்லை.

முதல் கேள்வியில் வலது பக்கம் என்று ஒன்று கிடையாது. வெறும் க/2 + க/3 மட்டும் நிற்கிறது. அதை 6ஆல் பெருக்கினால் அதன் மதிப்பே 6 மடங்கு ஆகிவிடும், ஈடுகட்ட மறுபக்கம் இல்லை. அங்கே செய்யக்கூடியது ஒன்றுதான்: க/2-ஐ 3க/6 என்றும், க/3-ஐ 2க/6 என்றும் மாற்றி எழுதி, 5க/6 என்று முடிப்பது. மேலேயும் 3ஆல், கீழேயும் 3ஆல் பெருக்கினால் மதிப்பு மாறாது. பகுதி காணாமல் போகவும் போகாது.

இரண்டு கணக்கிலும் 6 வருகிறது, இரண்டிலும் 'எல்.சி.எம். எடு' என்று வகுப்பில் சொல்கிறோம், இரண்டையும் ஏறக்குறைய ஒரே சமயத்தில் நடத்துகிறோம். குழப்பம் அங்கேதான் பிறக்கிறது என்பது என் உறுதியான எண்ணம். பிள்ளையின் கவனக்குறைவு என்று இதை ஒதுக்கக் கூடாது.

நீங்கள் செய்ய வேண்டியது இது. மகள் கணக்கைத் தொடுவதற்கு முன் கேள்வியில் சமக்குறி இருக்கிறதா என்று பென்சிலால் வட்டம் போடச் சொல்லுங்கள். வட்டம் போட முடிந்தால் அது சமன்பாடு, பகுதியை நீக்கலாம். முடியாவிட்டால் பகுதி கடைசி வரைக்கும் கூடவே வரும். அப்புறம், உங்களுக்கு எட்டாவது படிப்பே தாராளம். க இருக்கிற இடத்தில் 12 என்று போடுங்கள். 12இல் பாதி 6, மூன்றில் ஒன்று 4, கூட்டினால் 10. மகள் எழுதிய 5க-வில் 12ஐப் போட்டால் 60. 5க/6-இல் போட்டால் 10. எது சரி என்று நீங்களே மகளுக்குக் காட்டலாம்.

கேள்வி: மேடம், (க − 1)/2 − (க − 3)/5 = 4. எனக்கு 17 வருகிறது, புத்தகத்தில் 13 என்று இருக்கிறது. திரும்பத் திரும்பப் போட்டும் 17தான். புத்தகம் தப்பா? – ஒரு மாணவன், கோபிசெட்டிபாளையம்

புத்தகம் சரி, தம்பி. நீ எங்கே சறுக்கினாய் என்பதை உன் தாளைப் பார்க்காமலேயே சொல்கிறேன். 10ஆல் பெருக்கி இப்படி எழுதியிருப்பாய்: 5க − 5 − 2க − 6 = 40. அதிலிருந்து 3க = 51, க = 17.

அந்த −6ஐப் பார். பின்னத்தின் கோடு வெறும் வகுத்தல் கோடு மட்டும் இல்லை, மேலே இருப்பதை எல்லாம் அது ஒன்றாகக் கட்டி வைத்திருக்கிறது. கோடு போன பிறகு அந்தக் கட்டை அடைப்புக்குறியால் நீதான் போட வேண்டும்: 5(க − 1) − 2(க − 3) = 40. இப்போது −2ஐ உள்ளே இருக்கும் −3ஆல் பெருக்கினால் +6. ஆக 5க − 5 − 2க + 6 = 40, 3க + 1 = 40, 3க = 39, க = 13. சரிபார்த்தால் 12/2 = 6, 10/5 = 2, 6 − 2 = 4.

பின்னத்துக்கு முன்னால் கழித்தல் குறி இருந்தால், அந்த அடைப்புக்குறி வரியைத் தாண்டிக் குதிக்காதே. மனதிலேயே போடுகிறேன் என்று அதை எழுதாமல் விட்டவர்களின் விடைதான் பெரும்பாலும் தவறுகிறது.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், கேட்காவிட்டாலும். க/2 + 3 = க/5 + 9 மாதிரி கணக்கில் பின்னங்களை மட்டும் 10ஆல் பெருக்கிவிட்டு 3ஐயும் 9ஐயும் அப்படியே விட்டுவிடுவார்கள். அவற்றுக்குக் கீழே பகுதி இல்லை என்பதால் பெருக்க வேண்டாம் என்று நினைப்பு. பக்கம் முழுவதையும்தான் பெருக்குகிறோம், அதில் இருக்கிற ஒவ்வொரு உறுப்புக்கும் 10 போய்ச் சேர வேண்டும்: 5க + 30 = 2க + 90, 3க = 60, க = 20.

கேள்வி: வீட்டிலேயே டியூஷன் எடுக்கிறேன் டீச்சர். குறுக்குப் பெருக்கலை முதலிலேயே சொல்லித் தரலாமா? பிள்ளைகளுக்கு அது சுலபமாக இருக்கிறது. – ஒரு வாசகி, ராசிபுரம்

முதலில் வேண்டாம் என்பேன். அந்தப் பக்கம் ஒரே ஒரு பின்னம், இந்தப் பக்கம் ஒரே ஒரு பின்னம் என்று இருந்தால் மட்டும் அது செல்லும். (க + 1)/3 = (க − 2)/2 என்றால் 2(க + 1) = 3(க − 2), க = 8. சுருக்கமாக முடிகிறது, உண்மைதான். ஆனால் இதை முதலில் பழகிய பிள்ளை க/2 + 1 = க/3 + 2 என்று வந்தாலும் 3(க + 1) = 2(க + 2) என்று குறுக்கே இழுத்துவிடும். க = 1 என்று ஒரு விடையும் கிடைக்கும், அதனால் சந்தேகமே வராது. முறையாக 6ஆல் பெருக்கினால் 3க + 6 = 2க + 12, க = 6.

குறுக்குப் பெருக்கல் தனி விதி இல்லை. இரண்டு பகுதிகளாலும் இரண்டு பக்கத்தையும் பெருக்குவதைத்தான் சுருக்கி எழுதுகிறோம். அதைப் பிள்ளைகள் தாங்களாகவே கண்டுபிடிக்கும்வரை காத்திருங்கள். நாலைந்து கணக்கு போட்டதும் யாராவது ஒரு பிள்ளை, 'டீச்சர், இது குறுக்கே போகுது' என்று சொல்லும். அன்றைக்கு அந்தப் பெயரைச் சொல்லுங்கள்.

கேள்வி: அம்மா வணக்கம். தென்னந்தோப்பில் தண்ணீர்த் தொட்டி கட்டியிருக்கிறோம். பழைய போர் மோட்டார் தனியாக ஓடினால் தொட்டி நிறைய 6 மணி நேரம். இப்போது புதிய போர் ஒன்று போட்டோம். இரண்டையும் சேர்த்து ஓட்டினால் 2 மணி நேரத்தில் நிறைகிறது. புதிய மோட்டார் மட்டும் ஓடினால் எவ்வளவு நேரம்? ஆறில் இரண்டு போனால் நான்கு என்கிறான் பையன். – ஒரு விவசாயி, ஆனைமலை

நான்கு இல்லைங்க, மூன்று மணி நேரம். மணிகளை நேராகக் கழிக்கக் கூடாது. ஒரு மணி நேரத்தில் தொட்டியில் எவ்வளவு பாகம் நிறைகிறது என்று பார்க்க வேண்டும். பழைய மோட்டார் ஒரு மணி நேரத்தில் ஆறில் ஒரு பாகம் நிறைக்கும். இரண்டும் சேர்ந்தால் ஒரு மணி நேரத்தில் பாதித் தொட்டி. புதியது தனியாக க மணி நேரம் எடுக்கும் என்று வைத்தால், ஒரு மணியில் அது 1/க பாகம்.

1/6 + 1/க = 1/2

இங்கே கண்டுபிடிக்க வேண்டிய எண் கீழே, பகுதியில் போய் உட்கார்ந்திருக்கிறது. பயப்பட ஒன்றுமில்லை. 6, க, 2 மூன்றுக்கும் பொதுவான மடங்கு 6க. அதனால் பெருக்கினால் க + 6 = 3க. 2க = 6, க = 3.

பையன் சொன்ன நான்கைப் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். 1/6 + 1/4 = 5/12. ஒரு மணி நேரத்தில் தொட்டியின் 12இல் 5 பாகம் நிறைந்தால் முழுத் தொட்டிக்கு 12/5 மணி, அதாவது 2 மணி 24 நிமிடம் ஆகும். நீங்கள் பார்த்தது 2 மணி நேரம். ஒத்துவரவில்லை.

தோப்பில் நிற்கிற உங்களுக்கு இன்னொரு விஷயமும் சொல்ல வேண்டும். இரண்டு போரும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தால், சேர்ந்து ஓடும்போது ஒன்று இழுப்பதில் மற்றதன் நீர்மட்டம் இறங்கும், இரண்டுமே தனியாக ஓடுவதைவிடக் கொஞ்சம் குறைவாகத்தான் தள்ளும். அப்படியானால் புதிய மோட்டாரைத் தனியாக ஓட்டும்போது 3 மணிக்கும் குறைவாகவே ஆகலாம். ஒருநாள் தனியாக ஓட்டி நேரம் பார்த்து வையுங்கள். மூன்றுக்கும் அதற்கும் உள்ள வித்தியாசம் பெரிதாக இருந்தால், இரண்டு போரும் ஒரே ஊற்றைப் பங்கு போடுகின்றன என்று சந்தேகிக்க இடமிருக்கிறது. கோடையில் அது முக்கியமாகிவிடும்.

கேள்வி: குரூப் 4 தேர்வுக்குத் தயாராகிறேன். க/(க − 2) = 2/(க − 2) + 3 என்ற கணக்குக்கு க = 2 என்று வருகிறது. ஒவ்வொரு படியும் சரியாகவே இருக்கிறது. விடையில் மட்டும் 'தீர்வு இல்லை' என்று போட்டிருக்கிறார்கள். எப்படி? – ஒரு வாசகர், ஈரோடு

உங்கள் படிகளை எழுதிப் பார்த்தேன். இரண்டு பக்கத்தையும் (க − 2)ஆல் பெருக்கினால் க = 2 + 3(க − 2), க = 3க − 4, 2க = 4, க = 2. கூட்டலிலும் பெருக்கலிலும் ஒரு பிழையும் இல்லை.

இனி அந்த 2ஐக் கேள்வியில் வைத்துப் பாருங்கள். பகுதி 2 − 2, அதாவது 0. 0ஆல் வகுப்பதற்கு அர்த்தமே கிடையாது. ஆகவே இந்த விடையை ஏற்க முடியாது.

இது எப்படி நுழைந்தது? இரண்டு பக்கத்தையும் எந்த எண்ணாலும் பெருக்கலாம் என்றோம், ஆனால் 0 மட்டும் வேறு ஜாதி. 5 = 7 என்பது பொய். இரண்டு பக்கத்தையும் 0ஆல் பெருக்குங்கள், 0 = 0, உண்மையாகிவிட்டது. 0ஆல் பெருக்கினால் பொய்யும் மெய்யும் ஒன்றாகிவிடும். க என்பது 2ஆக இருக்கும் இடத்தில் (க − 2)ஆல் பெருக்குவது 0ஆல் பெருக்குவதுதான்.

இந்தக் கணக்கில் இதை வேறு மாதிரியும் பார்க்கலாம், எனக்கு இதுதான் பிடிக்கும். 2/(க − 2)ஐ இடது பக்கம் கொண்டு வாருங்கள். (க − 2)/(க − 2) = 3. இடது பக்கம் 1. 1 = 3 என்று கேட்கிற சமன்பாட்டுக்கு எந்த எண் விடையாக முடியும்?

பகுதியில் க இருந்தால், கணக்கைத் தொடங்கும் முன்பே தாளின் ஓரத்தில் 'க 2 ஆகக் கூடாது' என்று எழுதிவிடுங்கள். தேர்வில் கொடுத்த விடைகளை ஒவ்வொன்றாகச் சமன்பாட்டில் வைத்துப் பார்ப்பது இந்த மாதிரிக் கேள்விகளுக்கு வேகமான வழி.

கேள்வி: நான் பழைய ஆள் அம்மிணி. எங்கள் காலத்தில் அரை, கால், அரைக்கால், வீசம் எல்லாம் மனப்பாடம். கொறங்காட்டில் (மேய்ச்சல் காட்டில்) ஆடு மேய்க்கிற எங்கள் தாத்தா கேட்ட கணக்கு ஒன்று: பட்டியிலிருந்த ஆட்டில் அரைப்பங்கு ஒரு காட்டுக்கு, கால் பங்கு இன்னொன்றுக்கு, அரைக்கால் பங்கு மூன்றாவதுக்கு, வீசம் பங்கு நாலாவதுக்குப் போனது. பட்டியில் 5 நின்றது. மொத்தம் எத்தனை? நான் 80 என்று வாயாலேயே சொல்வேன். க எல்லாம் எதற்கு? – ஒரு பெரியவர், காங்கயம்

ஐயா, உங்கள் கடிதத்தைப் படித்ததும் கிளுவை வேலிக்குள்ளே கொழுக்கட்டைப் புல்லில் செம்மறி மேய்கிற காட்டைப் பார்த்த மாதிரி இருந்தது. விடை 80தான். இளையவர்களுக்காக விளக்கிவிடுகிறேன்: அரைக்கால் என்றால் எட்டில் ஒன்று, வீசம் பதினாறில் ஒன்று. 16 ஆடு இருந்ததாக வைத்துக்கொண்டால் 8, 4, 2, 1 போய் ஒன்று நிற்கும். நின்றது ஐந்து, ஆகவே 16 × 5 = 80. நீங்கள் போட்டதும் இப்படித்தான் இருக்கும்.

இந்த வழி மிகமிகப் பழையது. சுமார் 3500 ஆண்டுகளுக்கு முன் எகிப்தில் ஆமோஸ் என்ற எழுத்தர் பாப்பிரஸ் சுருளில் எழுதிவைத்த கணக்குகளில் ஒன்று: ஒரு குவியலும் அதன் ஏழில் ஒரு பங்கும் சேர்ந்தால் 19, குவியல் எவ்வளவு? அவரும் முதலில் 7 என்று வைத்துக்கொண்டு தொடங்குகிறார். 7ம் 1ம் 8. வேண்டியது 19. ஆக 7ஐ 19/8ஆல் பெருக்க வேண்டும், விடை பதினாறும் எட்டில் ஐந்தும். நம் நாட்டில் இரண்டாம் பாஸ்கரர் 1150ஆம் ஆண்டு வாக்கில் எழுதிய லீலாவதியில் இதற்கு இஷ்ட கர்மம் என்று பெயர். அதில் வரும் வண்டுக் கணக்கு பலருக்கும் தெரிந்தது: ஒரு கூட்டத்தில் ஐந்தில் ஒரு பங்கு கடம்பப் பூவுக்கும், மூன்றில் ஒரு பங்கு இன்னொரு பூவுக்கும், அந்த இரண்டின் வித்தியாசத்தைப் போல மூன்று மடங்கு வேறொரு பூவுக்கும் போயின, ஒன்று மட்டும் வாசனையில் மயங்கிச் சுற்றிக்கொண்டிருந்தது. மொத்தம் 15 என்று வைத்துப் பாருங்கள். 3, 5, 6, மீதி 1. முதல் ஊகமே விடையாகிவிடுகிறது.

அப்படியானால் க எதற்கு என்ற உங்கள் கேள்விக்கு வருகிறேன். கோபி மாணவனுக்கு மேலே எழுதிய க/2 + 3 = க/5 + 9 கணக்கை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு பட்டியில் பாதி ஆட்டோடு 3 சேர்த்தாலும், அதே பட்டியில் ஐந்தில் ஒரு பங்கோடு 9 சேர்த்தாலும் ஒரே எண்ணிக்கை. 10 என்று வைத்தால் ஒரு பக்கம் 8, மறுபக்கம் 11. சரி, இதை எத்தனை மடங்காக்குவது? மடங்கு பிடிபடாது. பங்கோடு பங்கல்லாத எண்ணும் சேர்ந்து, அதுவும் இரண்டு பக்கமும் நிற்கும்போது உங்கள் வழி அப்படியே செல்லாது, வேறு உபாயம் தேட வேண்டும். சமன்பாட்டுக்கு அந்தக் கவலை இல்லை, 10ஆல் பெருக்கினால் 20 என்று தந்துவிடும். ஆனால் பேரன் பேத்திகளுக்கு உங்கள் வழியை முதலில் சொல்லிக் கொடுங்கள் ஐயா. பதினாறு என்று வைத்துக்கொள்ளத் தோன்றிய பிள்ளைக்கு மீச்சிறு பொது மடங்கை யாரும் தனியாகப் புரியவைக்க வேண்டாம். வீசம், அரைக்காலையும் சேர்த்தே சொல்லுங்கள்.

கேள்வி: 0.5க + 1.25 = 0.75க − 2. தசமம் வந்தாலே பையன் கணக்கைத் தாண்டிப் போய்விடுகிறான். – பனியன் கம்பெனித் தொழிலாளி, திருப்பூர்

தசமமும் பின்னம்தான், பகுதியில் 10, 100 ஒளிந்திருக்கிறது. இரண்டு பக்கத்தையும் 100ஆல் பெருக்கச் சொல்லுங்கள்: 50க + 125 = 75க − 200. 25க = 325, க = 13. சரிபார்க்க: 6.5 + 1.25 = 7.75, 9.75 − 2 = 7.75.

கேள்வி: கணித மேதை ராமானுஜன் எங்கள் ஊரில் பிறந்தாராமே? அவர் பின்னக் கணக்கு போட்டிருக்கிறாரா? – ஆறாம் வகுப்பு மாணவன், ஈரோடு

ஆமாம் சாமி. 1887 டிசம்பர் 22 அன்று ஈரோட்டில், அம்மா வழித் தாத்தா வீட்டில் பிறந்தார். வளர்ந்தது கும்பகோணம். பின்னம் அவருக்கு மிகவும் பிடித்த இடம். பின்னத்தின் பகுதிக்குள் இன்னொரு பின்னம், அதன் பகுதிக்குள் இன்னொன்று என்று முடிவில்லாமல் இறங்கிக்கொண்டே போகும் தொடர் பின்னங்களில் அவர் கண்டுபிடித்தவை ஏராளம். 1913 ஜனவரியில் இங்கிலாந்துப் பேராசிரியர் ஹார்டிக்கு எழுதிய முதல் கடிதத்திலேயே அப்படிச் சிலவற்றை அனுப்பினார். பார்த்த ஹார்டி அசந்துபோனார்.

தொடர் பின்னங்களிலேயே மிக எளியது ஒன்றை நீயே எழுதிப் பார்க்கலாம்: 1 + 1/(1 + 1/(1 + …)). இதன் மதிப்பை க என்று வைத்தால், முதல் பின்னக் கோட்டுக்குக் கீழே இருப்பதும் அதே க-தான். க = 1 + 1/க. இரண்டு பக்கத்தையும் க-வால் பெருக்கினால் பகுதி போய்விடும், ஆனால் க × க என்று ஒன்று வந்து நிற்கும். அதைத் தீர்க்கும் வழி பத்தாம் வகுப்பில் வரும். அதுவரை 1, 2, 3/2, 5/3, 8/5 என்று ஒவ்வொரு படியாகப் போட்டுக்கொண்டே போ. மேலே வரும் எண்களையும் கீழே வரும் எண்களையும் கவனித்துப் பார்த்து, என்ன தெரிகிறது என்று எனக்கு எழுது.

அடுத்த இதழுக்கு ஒரு கணக்கு

ஒரு விவசாயி வேகவைத்துக் காயவைத்த விரலி மஞ்சளை மூட்டை பிடித்துக் குடோனில் வைத்தார். அதில் மூன்றில் ஒரு பங்கை ஈரோட்டு மார்க்கெட்டில் விற்றார். விலை ஏறியதும் மீதியில் பாதியை விற்றார். பிறகு தெரிந்தவர் ஒருவருக்கு 2 மூட்டை கொடுத்தார். இப்போது குடோனில் 12 மூட்டை இருக்கிறது. முதலில் எத்தனை மூட்டை? 'மீதியில் பாதி' என்பதை 'மொத்தத்தில் பாதி' என்று மாற்றினால் எத்தனை? இரண்டுக்கும் சமன்பாட்டையும் சரிபார்த்த வரியையும் சேர்த்து எழுதி அனுப்புங்கள்.